ஊமைப்படம் பேசியபோது

நடிகன் ஒருவனின் வாழ்வை எடைபோட நாம் எந்தத் தராசைக் கையில் எடுப்பது? எத்தனை படங்களில் தோன்றினான் என்ற எண்ணிக்கையையா? எத்தனை ஆயிரம் பெற்றான் என்ற கணக்கையா? எந்தக் கோயிலுக்கு எத்தனை சவரன் தந்தான் என்ற செய்தியையா? அல்ல, தோழர்களே! ஊரே கூடி, கண் இமைக்காது தன்னைப் பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில், அந்த ஊருக்கு அவன் என்ன சொன்னான்? அதுதான் தராசு! அந்தத் தராசிலே, ராஜா சாண்டோவின் வாழ்வை இன்று ஏற்றிப் பார்ப்போம்.

பெயரைக் கேட்டதும், வடநாட்டுச் சிற்றரசரோ, வெள்ளைக்காரரோ என்று ஐயுறுவோர் உண்டு. இரண்டும் அல்லர். புதுக்கோட்டைத் தமிழர், பி. கே. நாகலிங்கம் என்பது இயற்பெயர், உடற்பயிற்சியில் வல்லவர். 'சாண்டோ' என்பது ஒரு ஜெர்மானியரிடமிருந்து வந்த இரவல் பெயர். பிரஷ்யாவின் கோனிக்ஸ்பர்க் நகரில் 1867-இல் பிறந்து, மேடையிலே தன் உடல் வலிமையைக் காட்டி உலகை வியக்கவைத்த யூஜின் சாண்டோதான் அந்த ஜெர்மானியர். 1894-இல் எடிசனின் படப்பிடிப்புக் கூடத்திலே நின்று தோளை முறுக்கிக் காட்டினார். அசையும் படத்தின் தொடக்ககால ஏடுகளில் அதுவும் ஒன்று. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவர் இந்தியாவுக்கும் வந்து போனார். பயில்வான்களுக்கு 'சாண்டோ' என்பது பட்டமாகவே நிலைத்துவிட்டது.

அந்தப் பட்டத்தோடு பம்பாய்க்குப் போனார் நாகலிங்கம். 1922-இல், எஸ். என். பதங்கரின் 'பக்த போதனா' என்ற ஊமைப்படத்தில் இடம் கிடைத்தது. ஊதியம் 101 ரூபாய். சண்டைக்கும் சாகசத்துக்கும் அழைக்கப்பட்டவர், சில ஆண்டுகளிலேயே கதாநாயகரானார். 1927-இல் சந்துலால் ஷாவின் 'குணசுந்தரி'யில், கோஹருடன் நடித்தார். மனைவி என்பவள் அடுப்படியோடு முடங்க வேண்டியவள் அல்லள் என்ற எண்ணத்தைத் தொட்ட படம் அது. பின்னர் அவரே இயக்குநருமானார்.

தமிழர் ஒருவர், குஜராத்தியும் மராத்தியும் வழங்கிய பம்பாயிலே கதாநாயகராக உயர்ந்தது எப்படி? ஊமைத்திரைக்கு மொழி தேவைப்படவில்லை! நடிகரின் நாவை அது கேட்கவில்லை. நடையைக் கேட்டது, கண்ணைக் கேட்டது, உழைப்பைக் கேட்டது. கதையைச் சொல்ல எழுத்து அட்டைகள் போதும். எழுத்தறியாத மக்களுக்கு, திரைக்குப் பக்கத்திலே ஒருவர் நின்று உரத்த குரலில் கதையை விளக்குவார். உடலே மொழியாக இருந்த காலம் அது.

பம்பாயிலே புகழ் பெற்றபின் அவர் சென்னைக்குத் திரும்பினார். ஆர். பத்மநாபனின் அசோசியேட் பிலிம் கம்பெனியில் படமெடுத்தார். 'பேயும் பெண்ணும்' (1930), 'அநாதைப் பெண்', 'நந்தனார்' — பட்டியலைப் பாருங்கள்! ஒன்றில் பக்தன் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் அவனும் சேரியிலிருந்து வந்தவன். மற்றவை தேவலோகத்தை விட்டுத் தெருவுக்கு இறங்கிய பெயர்கள். அந்தக் கம்பெனியிலே அவருடன் பணியாற்றிய கே. சுப்பிரமணியம், பின்னர் 'பாலயோகினி' (1937) எடுத்து, விதவையின் துயரையும் சாதிக் கொடுமையையும் திரையிலே காட்டினார்.

1931-இல் 'காளிதாஸ்' வந்தது. படம் பேசத் தொடங்கிற்று. பேசிற்றா? பாடிற்று! பாட்டுக்குமேல் பாட்டு, புராணத்துக்குமேல் புராணம்! உலகமெங்கும் ஊமைப்பட நடிகர்களுக்கு அது சோதனைக்காலம். ஜெர்மனியின் எமில் யானிங்ஸை எடுத்துக்கொள்வோம். மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் நாடக மேடையிலே பயின்றவர். 1924-இல் எஃப். டபிள்யூ. முர்னாவின் 'கடைசி மனிதன்' என்ற படத்திலே, விடுதி வாயிற்காவலன் தன் சீருடையை இழக்கும் துயரை, எழுத்து அட்டைகளின் துணை பெரும்பாலும் இன்றியே காட்டியவர். 1929-இல் அமெரிக்கா வழங்கிய முதல் அகாதமி விருது நாயகருக்கும் அவரே உரியவர். பேசும்படம் வந்தது, ஜெர்மன் ஒலி தோய்ந்த அவருடைய ஆங்கிலம் அமெரிக்கத் திரைக்கு ஒத்துவரவில்லை, தாய்நாடு திரும்பினார். அங்கே குரல் கிடைத்தது. அந்தக் குரலை இட்லர் ஆட்சியின் பிரசாரப் படங்களுக்குத் தந்தார்! கலை இருந்தது, கருத்து கறைபட்டது.

ஊமைப்படம் நடிகனின் உடலைச் சோதித்தது; பேசும்படமோ அவன் உள்ளத்தையே சோதித்தது. அந்தச் சோதனையில் நம் சாண்டோ என்ன செய்தார்? 1935-இல் 'மேனகா'! வடுவூர் துரைசாமி அய்யங்காரின் நாவல், டி. கே. எஸ். சகோதரர்கள் மேடையேற்றிய நாடகம். குடும்பத்துக்குள்ளே ஒரு பெண் படும் கொடுமையே கதை. கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் திரைக்கு வந்தது அந்தப் படத்திலே! பின்னாளில் 'நல்லதம்பி'யாய் நின்று நாட்டைச் சிரிக்கவும் சிந்திக்கவும் வைத்தவருக்குக் கதவு திறந்த படம். அடுத்த ஆண்டு 'சந்திரகாந்தா' — ஜே. ஆர். ரங்கராஜுவின் நாவல். காவியுடைக்குள் ஒளிந்த கயவனை, மடத்துத் தலைவன் வேடத்திலே மக்கள்முன் நிறுத்திய படம். பி. யு. சின்னப்பா திரைக்கு அறிமுகமானதும் அதிலேதான்.

புகழ்மாலை மட்டும் சூட்டிவிட்டுப் போவது விமர்சனம் ஆகாது. 1938-இல் 'விஷ்ணு லீலா', 1939-இல் 'திருநீலகண்டர்' என்று, விட்டுவந்த புராண வாசலுக்கே அவர் திரும்பினார். முதல் போட்டவன் கேட்டான், கொட்டகைக்காரன் கேட்டான் என்பது விளக்கமாகலாம், விடையாகாது. மேனகாவின் கண்ணீரைக் காட்டிய கை, மீண்டும் திருநீற்றைக் குழைத்தது குறையே! ஆயினும், பாதை போட்டவன் பாதியில் திரும்பினாலும், போட்ட பாதை பாதைதான். அதிலே பிறர் நடந்தனர். 1949-இல் 'வேலைக்காரி', 1952-இல் 'பராசக்தி' என்று அது நீண்டது. 1943-இல் கோவையில் மறைந்த சாண்டோ அவற்றைக் காணவில்லை.

இன்று அவருடைய தமிழ் ஊமைப்படங்களை நாம் காணமுடியுமா? முடியாது. தென்னாட்டு ஊமைப்படங்களில் முழுமையாக எஞ்சியது 'மார்த்தாண்ட வர்மா' (1933) ஒன்றே. அதுவும் பதிப்புரிமை வழக்கிலே சிக்கி முடக்கப்பட்டதால் பிழைத்து, 1974-இல் புனே திரைப்பட ஆவணக் காப்பகத்தை அடைந்தது. வழக்கு காத்ததை வரலாற்று உணர்ச்சி காக்கவில்லை!

2015 டிசம்பரில் அடையாற்று வெள்ளம் புகுந்தபோது, முடிச்சூர் மக்கள் அறிந்தார்கள் — நனைந்த நெல் மீண்டும் விளையும், நனைந்த நிழற்படம் மீளாது. வெள்ளத்திலே போனதற்கு மழையைச் சொல்லலாம். படச்சுருள் போனதற்கு யாரைச் சொல்வது? கல்லுக்குக் குடமுழுக்கு நடத்தக் கோடி சேர்த்த நாடு, கலைஞனின் நிழலை வைக்க ஒரு பெட்டி தேடவில்லை. அவர் பெயரால் அரசு விருது அமைத்தது நன்று, அது போதாது.

முடிச்சூரிலும் தாம்பரத்திலும் பெருங்களத்தூரிலும் படிப்பகம் நடத்தும் தோழர்களே! உங்கள் பாட்டனார் எந்தக் கொட்டகையில் எந்தப் படம் பார்த்தார் என்று கேட்டு எழுதுங்கள். பழைய பாட்டுப் புத்தகம், விளம்பரத் தாள், நாடக அறிவிப்பு — பரணில் இருப்பதைக் கறையான் தின்னுமுன் எடுத்து வையுங்கள். நாளை ஒரு நடிகனை நீங்கள் கொண்டாடும்போதும் கேளுங்கள்: உனக்கு வாய் கிடைத்ததே, நீ என்ன பேசினாய்?