ஏ. எம். ராஜாவின் இன்குரல்

உரத்துப் பாடுவதே பாட்டு என்று மேடை நாடகக் காலம் நமக்குக் கற்பித்திருந்தது. ஒலிபெருக்கி வந்த பின்னரும் அவ்வெண்ணம் எளிதில் அகலவில்லை. அடங்கிய குரலாலும் நெஞ்சைத் தொடலாம் என்பதைத் தமிழ்த் திரையிசையில் மெய்ப்பித்தவர்களுள் ஒருவர் ஏ. எம். ராஜா. சித்தூர் மாவட்டத்தில் 1929இல் பிறந்த அவர், 1951இல் 'சம்சாரம்' படத்தின் வழியே பாட வந்தார். அவருடைய சிறந்த காதற்பாடல்களைத் தொகுத்த குறுந்தகடு ஒன்றைக் கிழக்கேகோட்டையில் நம் இல்லத்தில் அண்மையில் கேட்டோம். நயம் பல கண்டோம், குறையும் கண்டோம்.

'மிஸ்ஸியம்மா'வில் (1955) ஜெமினி கணேசனுக்காக நிலவை அழைக்கும்போது அக்குரல் கெஞ்சுவதில்லை; அருகமர்ந்து பேசுகிறது. 'தேன் நிலவு' (1961) பாடல்களில் துள்ளல் உண்டு. ஆயினும் சொல் சிதைவதில்லை.

சிகரம் 'கல்யாணப் பரிசு' (1959). ஸ்ரீதர் இயக்கிய அப்படத்திற்கு இசையும் ராஜாவே; பாடல்கள் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரத்தினுடையவை. தீபாவளி நாளில் பி. சுசீலாவின் குரலில் களித்தாடும் மெட்டே, காதல் கைகூடாதபோது ராஜாவின் குரலில் துயரமாகத் திரும்புகிறது. களிப்பைச் சுசீலாவுக்கு அளித்துத் துயரைத் தமக்கென வைத்துக்கொண்டதில், தம் குரலின் இயல்பை அவர் அறிந்திருந்தமை புலனாகிறது. அதில் அழுகை இல்லை. முன்பு கேட்ட மகிழ்ச்சி நம் நினைவில் நிற்பதால், அடங்கிய குரலே போதுமானதாகிறது.

குறை இங்கேதான். ராஜா பாடியவற்றை மட்டும் தொகுத்ததால், சுசீலாவின் பாடல் விடுபட்டது. படம் பாராத நம் மகள், "இது ஏன் அப்பா இவ்வளவு மெதுவாகப் போகிறது?" என்றாள். விடுபட்டதைத் தேடிக் கேட்கச் செய்தோம். அவள் ஒன்றும் கூறவில்லை. ராஜாவின் பாடலை மீண்டும் வைக்கச் சொன்னாள்.

உறையில் பாடலாசிரியர் பெயரும் இல்லை. 1959இலேயே, 29 வயதில் மறைந்த அக்கவிஞரை, பள்ளியில் மலையாளம் பயிலும் நம் பிள்ளைகள் வேறெங்கே அறிவர்?

வயலார் எழுதி, தேவராஜன் இசையமைத்த 'பார்யா' (1962) என்னும் மலையாளப் படத்தில், சுசீலாவுடன் ராஜா பெரியாற்றைப் பாடினார். அண்டை வீட்டார் அவரைத் தம்மவர் என்பர். நாமும் நம்மவர் என்போம். இரண்டும் மெய்யே.

1989 ஏப்ரலில், வள்ளியூர் ரயில் நிலையத்தில் நேர்ந்த விபத்தில் அவர் மறைந்தார். நெல்லைக்குச் செல்லும்போதெல்லாம் நாம் கடக்கும் நிலையம் அது. இத்தொகுப்பை வாங்குவோர் சுசீலாவின் பாடலை முதலில் வைத்து, ராஜாவின் பாடலை அதனையடுத்துக் கேட்பாராக. பிள்ளைகளையும் அருகே அமர்த்திக்கொள்வாராக.