பொய்க்கு ஒரு கலைக்களஞ்சியம்

அர்ஜென்டினா எழுத்தாளர் போர்ஹெஸ் 1940-இல் வெளியிட்ட 'த்லோன், உக்பார், ஓர்பிஸ் தெர்த்தியுஸ்' என்னும் சிறுகதையில், அறிஞர் கூட்டம் ஒன்று தலைமுறை தலைமுறையாக மறைவில் உழைத்து, இல்லாத ஓர் உலகுக்கு 40 தொகுதிகளில் கலைக்களஞ்சியம் இயற்றுகிறது. நாளடைவில் அவ்வுலகின் திசைகாட்டி நம் உலகில் தென்படுகிறது. அதன் கற்பனை வரலாறு பள்ளிகளில் புகுந்து மெய் வரலாற்றை அகற்றுகிறது.

1940-இல் வந்த கதைக்கு 1947 என்று தேதியிட்ட பின்குறிப்பு! இவ்வுத்தியை வியப்பதோடு நின்றுவிடுவோர் கதையின் உயிரைத் தவறவிடுகின்றனர். ஒழுங்காக அடுக்கப்பட்ட எதற்கும் மனிதர் மயங்குவர் என்பதற்கு, நாஜிக் கொள்கையைப் பெயர் சொல்லியே சுட்டுகிறார் ஆசிரியர்.

தன் முன்னோர் வரலாற்றை இழக்கும் ஒரு பிள்ளையின் முகத்தையேனும் அவர் காட்டியிருக்கலாம்; அது குறையே. எனினும், உலகம் பறிபோகையில் கதைசொல்லி விடுதியொன்றில் அமர்ந்து பழைய நூலின் மொழிபெயர்ப்பைத் திருத்திக்கொண்டிருக்கிறான். பொய்யை இயற்றியவரும் கற்றவர். அதைக் கண்டும் ஒதுங்கியவனும் கற்றவன். கதை நம்மை உறுத்துவது இவ்விடத்தில்தான்.