முனி விட்டுப்போன இடங்கள்

இணையத்துப் பயங்கரக் கதைகளில் பேய்க்கு வேலை குறைந்து சில வருஷமாகிறது. இப்போது பயமுறுத்துவது இடம்: விடுமுறையில் கிடக்கும் பள்ளிக்கூடம், ஆள் போனபின்பும் விளக்கு அணையாத வணிக வளாகம், முடிவு தெரியாத நடைபாதை. தங்குவதற்கென்று இல்லாமல் கடந்துபோவதற்கென்றே கட்டிய இந்த இடங்களை ‘லிமினல் ஸ்பேஸ்’ என்கிறார்கள்.

இந்த வகைக்கு ஒரு மூலப்படம் உண்டு. மஞ்சள் சுவர்த்தாள், பழைய கம்பளம், டியூப்லைட், ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் போகும் வெற்றறைகள். 2019 மே மாதத்தில் பெயர் சொல்லாத ஒருவர் அந்தப் படத்துக்கு நாலைந்து வரியில் கதை எழுதினார். நிஜ உலகத்திலிருந்து தப்பான இடத்தில் நழுவினால் இங்கேதான் வந்து விழுவீர்கள். ஈரக் கம்பள வாடையும் விளக்கின் ரீங்காரமும்தான் துணை. ‘பேக்ரூம்ஸ்’ பிறந்தது அப்படி. 2022 ஜனவரியில் கேன் பார்சன்ஸ் என்ற பதினாறு வயதுப் பையன் அதைக் குறும்படமாக்கி யூடியூபில் போட்டான். அந்த மூலப்படம் எடுத்த இடம் 2024இல்தான் வெளியே தெரிந்தது. அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில், ஓஷ்கோஷ் நகரில், 2002இல் திருத்த வேலை நடந்துகொண்டிருந்த பழைய தளபாடக் கடை ஒன்று. இந்த விலாசம் கிடைக்காமலே இருந்திருக்கலாம். ஊர் பேர் இல்லாமல் இருந்ததுதான் அந்தப் படத்தின் பலம்.

விளையாட்டுகளில் இதற்கு முன்னோடி 2014இல் வந்த ‘பி.டி.’. ஒரு வீட்டின் வளைந்த நடையைத் திரும்பத் திரும்பக் கடப்பதுதான் முழு ஆட்டமும். 2023இல் ஜப்பானிலிருந்து வந்த ‘எக்ஸிட் 8’ இன்னும் சிக்கனம். சுரங்க ரயில் நிலையத்தின் வெள்ளை ஓட்டு நடைபாதையில் நடக்க வேண்டும். ஏதாவது மாறியிருந்தால் திரும்ப வேண்டும், இல்லையென்றால் மேலே போகலாம். ஒரு சுவரொட்டியில் கண் அசைந்ததா என்று பார்ப்பதிலேயே நெஞ்சு அடித்துக்கொள்ளும்.

விமர்சகர் மார்க் ஃபிஷர் 2016இல் எழுதிய நூலில் இந்த அமானுஷ்ய உணர்வை இரண்டாகப் பிரிக்கிறார். ஒன்றும் இருக்கக்கூடாத இடத்தில் ஏதோ இருப்பது ஒன்று. இருக்க வேண்டியது இல்லாமல் போனது மற்றொன்று. இந்தக் கணக்கில், இலங்கையில் எங்கள் கண்டிப் பக்கத்துப் பயங்கள் பெரும்பாலும் முதல் வகை. இங்கே வெற்றிடம் என்று ஒன்றை யாரும் விட்டுவைத்ததில்லை. சுடலைக்கு மகாசோனா இருக்கிறான். முதுகில் அறைந்து கை அடையாளம் பதித்துவிட்டுப் போவான் என்று சிங்களக் கிராமங்களில் சொல்வார்கள். தேயிலைத் தோட்டங்களில் முச்சந்திக்கும் ஆற்றோரத்துக்கும் ஒவ்வொரு முனி. இஸ்டோருக்குள், அதாவது தேயிலைத் தொழிற்சாலைக்குள், ரோதைமுனி. அவருக்குப் பூசை கொடுத்தால்தான் இயந்திரம் ஆளை அடிக்காது என்பது நம்பிக்கை. தலதா மாளிகைக்குப் பின்னால் 1817இல் தொடங்கிய பிரித்தானியப் படையினர் மயானம்கூட இரண்டாம் வகைக்கு உதவாது. பிரித்தானிய அதிகாரி ஜோன் டொயிலி உட்பட அங்கே படுத்திருப்பவர்களுக்குப் பெயரும் கல்லும் இருக்கின்றன.

இரண்டாம் வகைக்குக் கண்டிக்கு அருகிலுள்ள ஹந்தானைக்குப் போக வேண்டும். 1925இல் கட்டிய தொழிற்சாலை அங்கே பல வருஷம் பாழடைந்து கிடந்து, 2001இல் தேயிலை அருங்காட்சியகமானது. அந்தக் காலத்து இஸ்டோர்களில் மேல்மாடிகள் கொழுந்து வாட்டுவதற்கு. பலகைத் தரை, இரண்டு பக்கமும் முழு நீளத்துக்கு ஜன்னல்கள், நடுவில் கொழுந்து பரப்பச் சாக்குத்துணி இழுத்துக் கட்டிய சட்டங்கள் அடுக்கடுக்காக. கொழுந்து வருவது நின்றுவிட்டால் மிஞ்சுவது தூண்கள் மட்டும். எந்த வரிசையில் நின்று பார்த்தாலும் அதே தூண், அதே ஜன்னல், வெளியே அதே மலை. மஞ்சள் சுவர்த்தாளை இறக்குமதி செய்ய வேண்டிய அவசியமே இல்லை.

கண்டி நகரின் போகம்பரைச் சிறையும் இந்தக் கணக்கில் வரும் என்று தோன்றலாம். 1876இல் கட்டியது, 2014 தொடக்கத்தில் மூடப்பட்டுக் கைதிகள் பல்லேகலைக்கு மாற்றப்பட்டார்கள். ஆனால் தூக்குமரம் இருந்த கட்டடத்துக்குத் தனியாகப் பயம் சேர்க்கத் தேவையில்லை, அது வேறு கதை. பழைய தெல்தெனிய நகரம் கொஞ்சம் நெருக்கம். 1980களில் விக்டோரியா அணை வந்தபோது அது தண்ணீருக்குள் போனது. கடும் வறட்சியில் நீர் இறங்கினால் அத்திவாரங்கள் மேலே வரும், ஜனங்கள் பார்க்கக் கூடுவார்கள். கூட்டத்தில் இன்னார் கடை இந்த இடத்தில்தான் இருந்தது என்று கைகாட்ட ஒருவர் இருக்கும்வரை அது ஊர்தான்.

தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தைப் பற்றித்தான் எனக்குத் தயக்கம். வெளியூர்க்காரர் ஒருவரின் கேமராவுக்கு அது அப்படியே பேக்ரூம்ஸ்: பத்தடிக்குப் பன்னிரண்டடிக் காம்பராக்கள், முதுகோடு முதுகாக, ஒரே அளவு, ஒரே கதவு. அது காலியானதற்கு ஒரு தேதியும் இருக்கிறது. 1964 அக்டோபரில் சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்பக் கணக்குப் போட்டது. தலைமன்னாருக்கு அவர்களை ஏற்றிப்போன ரயிலுக்கு மலையகம் வைத்த பெயர் ஒப்பாரிக் கோச்சி. லயத்து வரிசையில் நேற்றுவரை புகை வந்த காம்பரா இன்று பூட்டிக் கிடந்தது. இருக்க வேண்டியது இல்லாமல் போவதற்கு இதைவிட உதாரணம் வேண்டுமா? ஆனால் காலியான காம்பராவுக்கும் ஆள் காத்திருந்தது. ஒரே அறையில் மூன்று தலைமுறை படுத்துறங்கிய குடும்பம் சும்மா விடுமா? அமெரிக்கப் பேக்ரூம்ஸில் பயம் இடம் மிதமிஞ்சிப் போனதால் வருகிறது. லயத்தின் துயரம் இடம் போதாமை. இன்றும் ஆட்கள் சமைத்து உண்ணும் இஸ்தோப்பை, அதாவது முன் திண்ணையை, ஆளில்லாததுபோல் படமெடுத்துத் திகில் என்று விற்பது எனக்கு ஒப்பாது.

ஆகவே கண்டிப் பக்கம் யாராவது இப்படியொரு விளையாட்டைச் செய்ய நினைத்தால், லயத்தை விட்டுவிட்டு இஸ்டோரை எடுக்கட்டும். டியூப்லைட் ரீங்காரத்துக்குப் பதில் தகரக் கூரையில் மழை போதும். ‘எக்ஸிட் 8’இன் விதியைத் தலைகீழாக்கலாம்: மாறியதைக் கண்டு திரும்புவதற்குப் பதில், ஒவ்வொரு சுற்றிலும் காணாமல் போனதைச் சொல்ல வேண்டும். முதலில் கொழுந்துச் சாக்கு, பிறகு தராசு, பிறகு பேரேட்டில் ஒரு பெயர். ரோதைமுனியைத் திரையில் காட்டவே கூடாது. பூசை நின்றுபோன பீடம் ஒன்றைக் கீழ்மாடி மூலையில் வைத்தால், வாட்டுமாடியில் நிற்பவருக்கு மீதி தானாக விளங்கும்.