காதில் அத்தை, கையில் போளி

தஞ்சாவூரைச் சாப்பிட்டுப் பார்க்க ஆசைப்படுகிறவர்கள் எல்லோரிடமும் இப்போது நான் ஒன்றையே சொல்லிக்கொண்டிருக்கிறேன். கூட்டமாகப் போகாதீர்கள், வேன் பிடிக்காதீர்கள். மத்தியானம் அரை வயிறு சாப்பிட்டுவிட்டு, நாலு மணிக்கு வெயில் தாழ்ந்ததும், காதில் ஒரு குரலை மாட்டிக்கொண்டு தனியாக நடந்து போங்கள். இத்தனை சுகமான ஊர்சுற்றலை நான் வேறெங்கும் அனுபவித்ததில்லை.

பெரிய கோயிலைப் போனில் கேட்டுக்கொண்டே சுற்றிவர ஒலி வழிகாட்டிகள் ஏற்கெனவே வந்துவிட்டன. கல்லுக்கும் சிற்பத்துக்கும் அவை அருமை. எனக்கு வேண்டியிருந்தது தின்பதற்கு ஒரு வழிகாட்டி. அதைத் தந்தவர் என் அத்தை. மேலவீதியில் பிறந்து வளர்ந்து, கல்யாணமாகிச் சென்னைக்குப் போனவர். "முழங்கால் விடமாட்டேங்குது, இல்லன்னா நானே கூட்டிட்டுப் போவேன்" என்று சொல்லிவிட்டு, தெருவுக்கு ஒன்றாக வாட்ஸ்அப்பில் குரல் பதிவுகளை அனுப்பிவைத்தார். கூடவே ஒரு கட்டளை: "நான் நில்லுன்னு சொல்ற இடத்துல நில்லு. சாப்பிட்டு முடிச்சிட்டுதான் அடுத்ததைப் போடணும்."

தை மாதத்து மாலை. ரயிலடியில் நின்று முதல் பதிவைப் போட்டேன். "பாப்பா, எடுத்த எடுப்புல இனிப்புக்குப் போவாத. முதல்ல காபி." பித்தளை டவராவில் காபி வந்தது. கசப்பு முன்னால் வந்து, பாலின் இனிப்பு பின்னால் வந்து, நாக்கு விழித்துக்கொண்டது. அதற்குப் பிறகுதான் சந்திரகலா.

சந்திரகலாவைச் சாப்பிடாதவர்களுக்காகச் சொல்கிறேன். பிறை வடிவம். ஓரத்தை விரல் நுனியால் மடித்து மடித்துப் பின்னியிருப்பார்கள். உள்ளே கோவா. பொரித்தெடுத்துப் பாகில் முக்கியிருப்பதால் மேலே சர்க்கரை பளபளக்கும். வட்டமாகச் செய்தால் அது சூரியகலா. கடித்ததும் மேல்தோல் நொறுங்குகிறது, அதற்கடுத்த நொடி கோவா இளகி வருகிறது. தஞ்சாவூர் என்றாலே இந்த இனிப்பு என்று ஆக்கிய பாம்பே ஸ்வீட்ஸ் 1949-ல் தொடங்கிய கடை. தொடங்கியவர் வடநாட்டிலிருந்து வந்தவர். "வெளியூர்க்காரன் கொண்டாந்ததுன்னு இந்த ஊர் எதையும் ஒதுக்காது பாப்பா. நல்லா இருந்தா தன்னோடதுன்னு வச்சுக்கும்" என்றார் அத்தை. அன்றைக்கு நடந்த நடை முழுவதும் இந்த ஒரு வாக்கியத்தைத்தான் தெருத்தெருவாக எனக்கு மெய்ப்பித்துக் காட்டியது.

ஆத்துப்பாலத்தில் நிற்கச் சொன்னார். கீழே புது ஆறு. மேட்டூர் அணைத் திட்டத்தோடு சேர்த்து வெட்டிய கல்லணைக் கால்வாய் அது. அணை திறந்தது 1934-ல். ஊருக்கு நடுவே, பெரிய கோயிலுக்குப் பக்கத்திலேயே, காவிரித் தண்ணீர் ஓடுகிறது. இந்தத் தண்ணீர் போய்ச் சேரும் வயலிலிருந்துதான் நம் தட்டுக்கு இட்லி வருகிறது என்று காதில் கேட்டபடி அதைப் பார்ப்பது தனி சந்தோஷம். வேர்க்கடலைப் பொட்டலம் ஒன்று வாங்கிக்கொண்டு அந்தப் பாலத்தில் வெகுநேரம் நின்றேன். அவசரப்படுத்த யாரும் இல்லை. பதிவை நிறுத்திவைத்தால் அத்தை காத்திருப்பார். எந்த வழிகாட்டியிடம் இந்தச் சலுகை கிடைக்கும்?

பெரிய கோயிலில் அவர் விமானத்தைப் பற்றி அதிகம் பேசவில்லை. "எல்லாரும் மேல பாப்பாங்க. நீ கீழ பாரு, எழுத்தைப் பாரு" என்றார். 1010-ல் ராஜராஜன் முடித்த கோயில். தெய்வத் திருமேனிகளுக்குத் தினமும் என்ன படைக்க வேண்டும் என்று அளவோடு அங்கே வெட்டிவைத்திருக்கிறார்கள். அரிசி, பருப்பு, நெய், மிளகு, கடுகு, சீரகம், சர்க்கரை, புளி, தயிர், வெற்றிலை, பாக்கு. ஆயிரம் வருஷத்து மளிகைச் சீட்டு அது! இன்றைக்கும் நம் அஞ்சறைப்பெட்டியைத் திறந்தால் பாதி அப்படியே இருக்கிறது. "ஒண்ணு மட்டும் இருக்காது, கண்டுபிடி" என்று சொல்லிக் கொஞ்சம் விட்டுவிட்டுத் தொடர்ந்தார்: "மிளகாய். அது கப்பல்ல வர இன்னும் ஐந்நூறு வருஷம் இருந்துச்சு." சோழர் காலத்துக் காரம் முழுக்க மிளகுதான் என்று பாடப்புத்தகத்தில் படித்திருந்தால் மறந்துபோயிருப்பேன். கோயிலை விட்டு வெளியே வந்து, மிளகு தட்டிப் போட்ட வடையைக் கடித்துக்கொண்டே கேட்டதால் இந்த ஜென்மத்துக்கு மறக்காது.

மேலவீதிக்கு வந்ததும் குரலே மாறிவிட்டது. அவருடைய தெரு அல்லவா! பங்காரு காமாட்சியம்மன் கோயில் இங்கேதான். சங்கீத மும்மூர்த்திகளில் ஒருவரான சியாமா சாஸ்திரிகள் பூஜை செய்த சன்னிதி அது. பரதநாட்டியத்துக்கு இன்றைய கச்சேரி வடிவம் கொடுத்த தஞ்சை நால்வர் வாழ்ந்த வீடும் இதே தெருவில்தான். சுற்றியுள்ள நான்கு ராஜவீதிகளிலும் பெரிய கோயில் தேர், சுமார் நூறு ஆண்டுகள் ஓடாமல் இருந்து, 2015-ல்தான் மறுபடி ஓடியது. இத்தனையையும் சொல்லிவிட்டு, "சரி, போளி எங்க போடுறாங்கன்னு பாரு" என்றார்.

அந்தப் போளிக் கடைக்கு முன்னால் நான் சிலையாக நின்றுவிட்டேன். மஞ்சள் போட்டு, நல்லெண்ணெய் விட்டு ஊறவைத்த மைதா மாவு, தொட்டால் வழுக்கிக்கொண்டு போகிறது. கடைக்கார அம்மா அதில் எலுமிச்சை அளவு கிள்ளி உள்ளங்கையில் பரத்தி, கடலைப்பருப்பும் வெல்லமும் ஏலக்காயும் சேர்த்து அரைத்த பூரணத்தை நடுவில் வைத்து, நாலு பக்கமும் இழுத்து மூடினார். எண்ணெய் தடவிய வாழையிலையில் வைத்து மூன்று விரலால் தட்டத் தட்ட அது விரிந்துகொண்டே போனது. பூரணம் ஓரம்வரைக்கும் வந்துவிட்டது, ஒரு இடத்திலும் பிதுங்கவில்லை. இலையோடு கல்லில் கவிழ்த்து, இலையை மட்டும் உரித்தெடுத்தார். நெய் விழுந்தது. வெல்லம் கருகத் தொடங்கும் அந்த வாசனைக்காக மட்டுமே இந்த ஊருக்கு டிக்கெட் போடலாம்.

காதில் கேட்டுச் சிரித்துக்கொண்டே நின்றதைப் பார்த்துவிட்டு அந்த அம்மா, "யாருகூடம்மா பேசுற?" என்றார். அத்தையின் பதிவை வெளியே ஒலிக்கவிட்டேன். மேலவீதியில் அந்தக் காலத்தில் போளி எப்படி இருந்தது என்று அத்தை சொல்லிக்கொண்டிருந்தார். கடைக்கார அம்மா முழுசாகக் கேட்டுவிட்டு, கரண்டியைக் கீழே வைத்து, போனுக்கு நேராகக் குனிந்து பதில் சொன்னார்: "அக்கா, இப்பவும் பூரணம் கையிலதான் உருட்டுறேன். ஒரு தடவை வந்து சாப்பிட்டுட்டுச் சொல்லுங்க." அதை அப்படியே பதிவுசெய்து சென்னைக்கு அனுப்பினேன். அடுத்த கடையை எட்டுவதற்குள் அத்தையிடமிருந்து பதில் வந்துவிட்டது, பூரணத்தில் கொஞ்சம் தேங்காய் சேர்த்துப் பார்க்கச் சொல்லி!

போளியை இந்த ஊருக்கு மராட்டியர் கொண்டுவந்தார்கள் என்பார்கள். பதினேழாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் வந்து 1855 வரை ஆண்டவர்கள். கத்தரிக்காய் ரசவாங்கியும், உளுத்தமாவில் கரைக்கும் டாங்கர் பச்சடியும் இன்றைக்கும் தஞ்சாவூர் வீடுகளில் பேசப்படுகிற அவர்கள் காலத்துச் சமையல். சாம்பாரே அரண்மனை அடுக்களையில்தான் பிறந்தது என்றும் ஒரு கதை ஊரில் உலவுகிறது. அதற்கு எழுத்துச் சான்று கிடையாது, ஆனால் எந்த டிபன் கடையில் கேட்டாலும் சந்தோஷமாகச் சொல்கிறார்கள். அன்று காலையிலேயே அரண்மனைக்குப் போய் சரஸ்வதி மகால் நூலகத்தையும் பார்த்துவிட்டு வந்திருந்தேன். இரண்டாம் சரபோஜி மன்னர் பெயரால் 'சரபேந்திர பாகசாஸ்திரம்' என்று ஒரு சமையல் சுவடி அங்கே உண்டு. மராத்தியில் எழுதியது. சைவமும் அசைவமும் அதில் இருக்கின்றன. நூலகமே அதை அச்சிட்டுமிருக்கிறது. ராஜா வீட்டில் சுவடியில் ஏறிய ருசிக்கு உறவான ஒன்று, தெருவில் ஒரு தகரக் கூரைக்கடியில், கையில் எண்ணெய் வழிய எனக்குக் கிடைக்கிறது. இதைவிட என்ன வேண்டும்!

இருட்டியதும் கீழவாசல். பீரங்கி மேட்டில் நாயக்கர் காலத்து ராஜகோபால பீரங்கி இன்னும் கிடக்கிறது, இரும்பைக் காய்ச்சி அடித்துச் செய்த பிரம்மாண்டம். அதைப் பார்த்துவிட்டு இறங்கினால் காய்கறி, வாழையிலை, பூ, கருவாடு என்று ஒரே நெரிசல். இங்கே அத்தை ஒரு அருமையான யோசனை சொன்னார்: "ஒரு காதைக் கழட்டிடு." கழற்றினேன். பரோட்டாக் கல்லில் இரண்டு தகடுகள் தாளம் போட ஆரம்பித்தன. முட்டை, வெங்காயம், சால்னா எல்லாம் ஒரே வேகத்தில் கொத்துப்பட்டுக் கலந்தன. ஒரு காதில் ஊரின் நேற்று, இன்னொரு காதில் ஊரின் இன்று. கொத்து பரோட்டா தட்டில் விழுந்தபோது இரண்டும் சேர்ந்துகொண்டன.

கடைசியாக வெற்றிலை. கும்பகோணத்துக் கொழுந்து வெற்றிலைக்கு 2025-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. ராஜராஜனின் கல்லில் இருக்கும் அதே வெற்றிலை பாக்கு, சீவலும் சுண்ணாம்புமாக மடித்து என் கையில் வந்தது.

மறுநாள் ஞாயிறு. காலையில் கருப்புக் கவுனிக் கஞ்சி விற்கும் தள்ளுவண்டி ஒன்றைப் பார்த்ததும் மனது நிறைந்துவிட்டது. 174 பாரம்பரிய நெல் ரகங்களை மீட்டுக் கொடுத்துவிட்டு 2018-ல் மறைந்த நெல் ஜெயராமன் இந்த டெல்டாக்காரர்தான். அவர் போன்றவர்கள் ஊர் ஊராக அலைந்திராவிட்டால் இந்தக் கஞ்சி தெருவுக்கு வந்திருக்குமா? ஒரு டம்ளர் குடித்துவிட்டு டிபன் கடைக்கு ஓடினேன். ஞாயிற்றுக்கிழமை கடப்பா போடுவார்கள். பாசிப்பருப்பும் உருளைக்கிழங்கும் குழைய வெந்து, தேங்காய், சோம்பு, பூண்டு, பச்சைமிளகாய் அரைத்துவிட்ட வெள்ளைக் குழம்பு. இட்லியை அதில் முக்கிவிட்டால் சட்னி, சாம்பார் பக்கம் கை போகாது. கும்பகோணத்துக்கும் தஞ்சாவூருக்கும் வெளியே இது அவ்வளவாகக் கிடைப்பதில்லை. அதனால் இரண்டாவது தடவையும் வாங்கிக்கொண்டேன்.

பிறகு திருவையாறு பஸ். ஜன்னலோரம் உட்கார்ந்து கடைசிப் பதிவைப் போட்டேன். "பாலத்தை எண்ணிக்கிட்டே வா." வடவாறு, வெண்ணாறு, வெட்டாறு, குடமுருட்டி, காவிரி. ஒவ்வொரு பாலம் வரும்போதும் பெயர் சொல்லி, பாலத்துக்குப் பாலம் நடுவே குறுவை, சம்பா, தாளடி என்று போகங்களைச் சொல்லிக்கொண்டே வந்தார். வெளியே சம்பாக் கதிர் முற்றித் தலை சாய்ந்திருந்தது. தியாகராஜர் சமாதி அடைந்த திருவையாற்றில் ஆண்டவர் அல்வா கடை அசோகாவுக்குப் பேர்போனது. பாசிப்பருப்பும் கோதுமை மாவும் நெய்யில் கிண்டியது. சுடச்சுடக் கொடுப்பார்கள், கூடவே கொஞ்சம் மிக்சர். அசோகா தொண்டையில் இறங்கும்போது பல்லே வேண்டாம், நெய் அழைத்துக்கொண்டு போய்விடும். இனிப்புக்கு நடுவே மிக்சரைக் கொறித்தால் அடுத்த வாய் அசோகா புதிதாக இருக்கும்.

நீங்களும் போங்கள். தை, மாசி நல்ல பருவம், வெயில் கடிக்காது. சில்லறை வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு கடையிலும் பாதி வாங்குங்கள், இல்லையென்றால் கீழவாசல் வருவதற்குள் வயிறு கைவிரித்துவிடும். பதிவுகளை முன்னாலேயே இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். கடைக்காரரோடு பேசும்போது கட்டாயம் நிறுத்திவிடுங்கள், அவர் சொல்வதும் இந்த ஊரின் பதிவுதான்.

வழிகாட்ட உங்களுக்கு அத்தை இல்லையா? யாராவது ஒரு பெரியம்மா, ஒரு தாத்தா, பக்கத்து வீட்டு மாமா நிச்சயம் இருப்பார். சிதம்பரமோ, காரைக்குடியோ, யாழ்ப்பாணமோ, அவர் எந்த ஊர்க்காரர் என்று கேளுங்கள். எந்தத் தெருமுனையில் நிற்க வேண்டும், எந்தக் கடையில் என்ன கேட்டு வாங்க வேண்டும் என்று போனில் சொல்லச் சொல்லுங்கள். ஒன்று கேட்டால் பத்து சொல்வார்கள். எங்கள் அத்தை இப்போது கும்பகோணத்துக்கான பதிவுகளை ஆரம்பித்துவிட்டார். முதல் பதிவு மட்டுமே பதினைந்து நிமிஷம் ஓடுகிறது, இன்னும் காபியைத் தாண்டவில்லை!