கிந்தாவின் கைவிடப்பட்ட கட்டடங்களும் மதிப்பின் கணக்கும்

கைவிடப்பட்ட கட்டடத்தைப் பயன்கொள்ளப்படாத செல்வமாக மதிப்பிடும் பார்வை ஒன்று உண்டு. பேராக் மாநிலத்துக் கிந்தா பள்ளத்தாக்கை முன்வைத்து அப்பார்வையை நாம் ஈண்டு ஆராய விழைகிறோம்.

1985 அக்டோபரில் அனைத்துலக ஈய மன்றம் கடன் தீர்க்க இயலாது நிலைகுலைந்தது. இலண்டன் உலோகச் சந்தையில் ஈய வணிகம் நிறுத்தப்பட்டது, விலை சரிந்தது, கிந்தாவின் லம்பங்கள் பல மூடப்பட்டன. மேற்கூறிய பார்வையோ எஞ்சிய சுவரையே நோக்குகிறது. சுவருக்கு மதிப்பூட்டிய ஊதியமும் கடைத்தெருவும் மறைந்ததை நோக்குவதில்லை. சிலாங்கூரில் பழைய ஈய லம்ப நிலத்தின்மீது பண்டார் சன்வே எழுந்தது உண்மையே. ஆயின் அது கோலாலம்பூரின் அண்மை தந்த மதிப்பாகும். கிந்தாவின் ஈயக் குட்டைகளுக்கு அவ்வாய்ப்பு இல்லை.

பத்து காஜாவுக்கு அருகிலுள்ள கெல்லி கோட்டையின் கதை வேறு. ஈய வீழ்ச்சிக்கு ஏறத்தாழ அறுபது ஆண்டுகளுக்கு முன்னரே, 1926இல், அதன் உரிமையாளரான ஸ்காட்லாந்துத் தோட்ட முதலாளி வில்லியம் கெல்லி சுமித் லிஸ்பனில் இறந்தமையால் அம்மாளிகை முற்றுப்பெறாது நின்றுவிட்டது. இன்று அது நுழைவுக் கட்டணம் ஈட்டுகிறது. மின்தூக்கிக்கென விடப்பட்ட கூடும் ஆவிக் கதைகளும் காண்போரை ஈர்க்கின்றன. (ஆவிகளுக்குக் கிட்டிய விளம்பரம் கொத்தர்களுக்குக் கிட்டவில்லை.) அதனைக் கட்ட உழைத்தோருள் சென்னை மாகாணத்திலிருந்து வந்த தொழிலாளரும் இருந்தனர். அருகிலுள்ள மாரியம்மன் கோயிலின் மேற்புறத்தில், தெய்வ உருவங்களிடையே ஐரோப்பிய உடையணிந்த உருவம் ஒன்று நிற்கிறது. அது சுமித்தே என்பர். தொழிலாளர் முதலாளிக்குத் தம் கோயிலில் இடமளித்தனர் என்று அவ்வழக்கை நாம் கொள்ளலாம். கோட்டையின் வரவுக் கணக்கில் அவர்களுக்கு இடமில்லை.

அத்தகையோர் வாழ்ந்த லயங்களுக்கு இத்தகைய மறுவாழ்வு வாய்ப்பது அரிது. வீடு தோட்டத்திற்கு உரியது. வேலை முடிந்தால் வீடும் போயிற்று. தோட்டத் துண்டாடலின் போதும், பின்னர் வந்த வீடமைப்புத் திட்டங்களின் போதும் விலைபோனது நிலமே. ஆகவே ‘ஈட்டப்படாத மதிப்பு’ என்னும் தொடரைக் கையாள்வோர், யாரால் ஈட்டப்படாதது என்பதையும் சேர்த்தே உரைத்தல் வேண்டும்.

பள்ளிக் கட்டடங்களின் நிலையைத் தமிழாசிரியர்கள் நன்கறிவர். தோட்டம் அழிந்து, வீடமைப்புப் பகுதிக்கு இடம்பெயர்ந்த பின்னரும் பழைய தோட்டத்தின் பெயரையே தாங்கி நிற்கும் தமிழ்ப்பள்ளிகள் நம் நாட்டில் உள்ளன. கட்டடத்தை மட்டும் அளக்கும் மதிப்பீட்டில் அப்பெயரைப் பதிவதற்கு இடமேதும் இல்லை.