காசில் ஏறிய பாட்டுக்காரி

ஈடித் கனகாஓலேயைப் பற்றி எழுதுகிறவர்கள் ‘மரபைக் காத்தவர்’ என்று கும்பிடு போட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். எனக்கு அந்தக் கும்பிட்டோடுதான் சண்டை.

ஹவாய்த் தீவில் ஹிலோ பக்கத்துக்காரர் அவர். 1913-இல் பிறந்து 1979-இல் இறந்தவர். ஹூலா என்றதும் நம்ம மண்டைக்குள் வருவது அமெரிக்க சினிமாக்காரன் காட்டின புல் பாவாடையும் இடுப்பாட்டமும்தான். கனகாஓலே வீட்டு ஆட்டம் வேறு. எரிமலைக்காரி பெலேயின் ஆட்டம் அது. முட்டி மடங்கி, உடம்பு தரையோடு தாழ்ந்து, காலால் மண்ணை இடிக்கிற ஆட்டம். ஓலி என்கிற பாட்டுச் சொல்தான் அங்கே முதல், அசைவு அதற்குப் பின்னால்தான். அந்த ஓலிகளைப் பழசு என்று பூட்டி வைக்காமல், புதுசு புதுசாக அவரே கட்டினார். 1970களில் ஹிலோ கல்லூரியில் செடிகொடி, வம்சவழி, பாட்டு எல்லாவற்றையும் வகுப்பில் வைத்து வந்தவர்களுக்கெல்லாம் சொல்லிக்கொடுத்தார். காத்தார் என்பது அரை உண்மை. ஆக்கினார்.

சரி, எந்த மரபு? அரசி காஅஹுமனு பாதிரிகளின் பக்கம் சேர்ந்து 1830-இல் ஹூலாவுக்குத் தடை போட்டதை எல்லாரும் எழுதுகிறார்கள். அதே காஅஹுமனுதான் 1819-இல், பாதிரிகள் வருவதற்கு முன்னாலேயே, கபு என்கிற விலக்கு ஒழுங்கை உடைப்பதில் முன் நின்றார். ஆணோடு பெண் உட்கார்ந்து சாப்பிடக் கூடாது, பெண்கள் பன்றிக்கறி தின்னக் கூடாது என்பதெல்லாம் அந்தக் கபு. அதற்கும் அடியில் கவுவா என்றொரு சனம் கிடந்தது. ஒதுக்கின நிலத்தில் வாழணும், மற்றவர் வீட்டுக்குள் நுழையக் கூடாது, கோயில் பலிக்கு ஆள் தேவைப்பட்டால் அவர்களை இழுத்து வருவது. எழுதி வைத்திருப்பது ஹவாய்க்காரர்களேதான். சுறாத்தோல் போர்த்திய பஹு மேளம் கோயிலுக்குள்ளேயே முழங்கியது. தோல் தீட்டில்லை, மனுசன்தான் தீட்டு.

இதைக் கேட்டால் ‘ஆக்கிரமிப்புக்காரனுக்கு வாய் கொடுக்கிறாய்’ என்பார்கள். நமக்கு இது புதுசா? 1893-இல் சர்க்கரை முதலாளிகளும் வியாபாரிகளும், அமெரிக்கக் கடற்படை கரையிறங்கி நிற்க, ராணி லிலிஉஓகலானியைக் கவிழ்த்ததை நான் மறக்கவில்லை. 1896-இல் பள்ளிக்கூடங்களிலிருந்து ஹவாய் மொழியைச் சட்டம் போட்டு விரட்டினார்கள். அந்த அமெரிக்காதான் 2023-இல் கனகாஓலே முகத்தைக் கால் டாலர் காசில் அடித்தது. அவர் கூந்தல் அப்படியே ஹவாய் நிலமாக மாறுகிறது, பக்கத்தில் ஹவாய் மொழியில் ஒரு வரி. வேலைப்பாடு அழகுதான். நிலம் மட்டும் திரும்பி வரவில்லை.

அவர் பாட்டு இருக்கிற இடம் காசு இல்லை. 2019-இல் மவுனா கேயா மலையில் ராட்சதத் தொலைநோக்கி கட்ட வண்டிகள் ஏற இருந்தபோது கிழவிகளும் கிழவர்களும் ரோட்டில் உட்கார்ந்தார்கள். ஜூலை 17-ஆம் தேதி முப்பதுக்கும் மேற்பட்டவர்களை போலீஸ் பிடித்துப் போனது. அந்த ரோட்டில் தினமும் ஓலியும் ஹூலாவும் நடந்தன. அந்தப் பாட்டுகளைத் தேடித் தேடிக் கேட்டேன். மலை இருந்தது, மழை இருந்தது, தெய்வங்களும் தலைவர்களும் இருந்தார்கள். கவுவா எங்கேயாவது வருகிறானா என்று இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.