ஜோ பினி வெட்டாமல் விட்டவை

எடிட்டரைப் பற்றி எழுதுவதில் ஒரு சிக்கல் இருக்கு. அவர் தூக்கிப் போட்டதை நாம பார்க்கவே முடியாது. ஜோ பினி விஷயத்தில், அவர் போடாமல் வைத்துக்கொண்டதே பேசப் போதுமானது.

வெர்னர் ஹெர்சாக்கின் 'கிரிஸ்லி மேன்' (2005). அலாஸ்காவில் 13 கோடைகள் கரடிகளோடு கழித்து, 2003இல் கரடியாலேயே கொல்லப்பட்ட திமதி ட்ரெட்வெல் விட்டுச்சென்ற நூறு மணி நேரத்துக்கும் மேலான பதிவுகளிலிருந்து உருவான ஆவணப்படம். மனுஷன் தன்னையே ஹீரோவாக வைத்து டேக் மேல டேக் எடுத்தவர். ஓரிடத்தில் அவர் ஃப்ரேமை விட்டுப் போயிடறார். கேமரா ஓடிக்கிட்டே இருக்கு. காற்றில் செடிகள் அசையுது, அவ்வளவுதான். எந்த எடிட்டரின் கையும் முதலில் கத்தரிக்கப் போகும் துண்டு அது. இங்கே படத்தின் மிக அழகான கணங்களில் ஒன்று.

ட்ரெட்வெல்லும் தோழியும் இறந்த நேரம் லென்ஸ் மூடி கழற்றப்படவில்லை. ஒலி மட்டும் பதிவாகியிருக்கிறது. அதை ஹெர்சாக் ஹெட்ஃபோனில் கேட்கிறார். நமக்கு எதுவும் கேட்காது. எதிரில் இருக்கும் பெண் அவர் முகத்தைப் பார்க்கிறார், நாம் அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்க்கிறோம்.

லின் ராம்சேயின் 'யூ வேர் நெவர் ரியலி ஹியர்' (2017) பார்த்தபோது எனக்கு அந்த ஹெட்ஃபோன்தான் ஞாபகம் வந்தது. சுத்தியலோடு ஒரு வீட்டுக்குள் நுழைகிறார் ஜோவாகின் ஃபீனிக்ஸ். (பாத்திரத்தின் பெயரும் ஜோ!) அந்தக் காட்சி சிசிடிவி கேமராக்கள் வழியாக, கறுப்பு வெள்ளையில் நகர்கிறது. கேமரா மாறுவதற்குள் அடி விழுந்து முடிஞ்சிடுது. ஆள் ஏற்கெனவே தரையில். இதை நாசூக்கு என்று பாராட்டுவதை என்னால் ஏற்க முடியல. வன்முறையை மறைப்பது அல்ல இது. அங்கே இருந்த கேமரா எதைப் பிடித்ததோ அதை மட்டும் நம்புவது. ஆவணப்படக்காரரின் பழக்கம்.

அந்தப் பழக்கம் கைகொடுக்காத இடமும் உண்டு. வியட்நாம் போரின்போது லாவோஸில் சிறைபிடிக்கப்பட்டுத் தப்பிய விமானி டீட்டர் டெங்லரின் கதையை ஹெர்சாக் இரண்டு முறை எடுத்தார்: 1997இல் 'லிட்டில் டீட்டர் நீட்ஸ் டு ஃப்ளை' என்ற ஆவணப்படம், பிறகு 'ரெஸ்க்யூ டான்' என்ற கதைப்படம். இரண்டுக்கும் பினிதான் எடிட்டர். கதைப்படத்துக்காக கிறிஸ்டியன் பேல் உடம்பை இளைத்தார், நிஜப் புழுக்களையே தின்றார். எல்லாம் திரையில் இருக்கு. எனக்கு எதுவும் ஒட்டல. ஆவணப்படத்தில் டீட்டர் சும்மா நின்று பேசுகிறார். மோதிரத்தைத் திருடியவனின் விரலை வெட்டிய கதையைச் சொல்லிவிட்டு, பக்கத்தில் நிற்கும் கிராமத்து ஆளைத் தோளோடு அணைத்துக்கொள்கிறார். பினி அங்கே வெட்டவில்லை.